காலியாக இல்லாத பெயர்

லூனா சொரியானோவுக்கு வைத்திருக்க வேண்டிய பெயர் ரெபேக்கா. ஆப்பிரிக்காவில், ஸாலிஸ்பரியில் இருந்த எங்கள் யூத ஜனம் அத்தனை பேருக்கும் இது தெரியும். வீட்டுக்கு முதல் பெண் என்றால் அப்பாவைப் பெற்றவளின் பெயர். இரண்டாவது பெண்ணுக்கு அம்மாவைப் பெற்றவளின் பெயர். அந்தக் கிழவி உயிரோடு இருந்தால் இன்னும் விசேஷம், தன் பெயரைத் தானே கூப்பிட்டுக் கொஞ்சிக்கொள்ளலாம். கிரேக்கத்தை ஒட்டிய ரோட்ஸ் தீவில் எங்கள் முன்னோர் இதை மாற்றவில்லை. அங்கிருந்து பிழைப்புத் தேடி ஆப்பிரிக்காவுக்குக் கப்பல் ஏறிய எங்கள் அப்பன்மாரும் மாற்றவில்லை. அதனால்தான் என் வகுப்பில் மூன்று சுல்தானாக்கள் இருந்தார்கள். நெட்டை சுல்தானா, பல் சுல்தானா, வெறும் சுல்தானா என்று நாங்கள் பிரித்துக் கூப்பிட்டோம்.

லூனாவின் அப்பா ஹைமைப் பெற்றவள் ரெபேக்கா. அம்மா பெர்லாவைப் பெற்றவள் லூனா. அவர்களுக்கு 1947இல் பிறந்தது ஒரே ஒரு பெண். அதற்கு மாமியார் பெயரை வைக்காமல் தன்னைப் பெற்றவள் பெயரை வைத்துவிட்டாள் பெர்லா. அந்த மாமியார் என்ன, கட்டிலில் படுத்தா செத்தாள்? 1944ஆம் வருஷக் கோடையில் ஜெர்மன்காரர்கள் கோஸ் தீவிலிருந்து பிடித்துக்கொண்டு போய் ஆஷ்விட்ஸில் கொன்ற கிழவி. அப்படிப் போனவளின் பெயரை ஒரு குழந்தைக்கு வைக்க மனசு வரவில்லை என்றால் இவள் என்ன மருமகள் என்று ஊர் கேட்டது. ஊர் வாயை மூட உலைமூடி உண்டா? எங்கள் ஊர் வாய்களுக்கெல்லாம் தலைமை வகித்தவள் என் அம்மா, அவளும் ஒரு சுல்தானா.

என் பெயர் ஜோயா. லூனாவும் நானும் ஒரே வகுப்பு. ஒன்பது வயதில், பள்ளிக்கூடத்துக் குழாயடியில், என் அம்மாவிடம் கேட்டதை அப்படியே அவளிடம் கொண்டுபோய்க் கொட்டினேன். "உன் பேரு திருட்டுப் பேருடீ" என்றேன். அவள் என் சடையைப் பிடித்து இழுத்துக் குழாய்க்கு அடியில் தலையை நுழைத்தாள். அன்றிலிருந்து நாங்கள் சிநேகிதிகள். ஆனால் சொன்ன சொல்லை நான் திரும்ப எடுத்துக்கொள்ளவில்லை. அவளும் அதை மறக்கவில்லை.

லூனா உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. காலில் சக்கரம் கட்டிக்கொண்டு பிறந்தவள். மனிகா சாலையில் அவர்கள் துணிக்கடை. பள்ளிச் சீருடைத் துணி, நூல்கண்டு, பொத்தான், ஜிப். மாதம் ஒரு தடவை அலமாரிகளை இடம் மாற்றுவாள். போன மாதம் நீலத் துணி இருந்த இடத்தில் இந்த மாதம் எலாஸ்டிக் இருக்கும், வாடிக்கைக்காரர்கள் திட்டிக்கொண்டே தேடுவார்கள். கல்யாணத்துக்குப் பிறகு இதே ஊருக்குள் ஆறு வீடு மாறினாள். சாப்பிடுவது நின்றுகொண்டுதான். சனிக்கிழமைத் தொழுகையில் பெண்கள் உட்காரும் மாடிப் படியில் அவள் செருப்புச் சத்தம் கேட்டால் பிரார்த்தனை எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்றே கீழே இருப்பவர்களுக்கு மறந்துபோகும். அவள் புருஷன் நிசிம் டயர் வியாபாரி, பொறுமைசாலி. "நான் பொம்பளையக் கட்டல, பஸ்ஸக் கட்டினேன். அப்பப்ப நிறுத்தத்துல பாத்துக்குவோம்" என்பான்.

ஏன் இப்படி அலைகிறாய் என்று ஒரு தரம் கேட்டேன். அப்போது எங்களுக்கு முப்பது வயது இருக்கும். கத்தரிக்கோலைத் தேடிக்கொண்டே பதில் சொன்னாள். "வேற யாரோ எழுந்து போன நாற்காலில உக்காந்த மாதிரி இருக்குடீ. அவ திரும்பி வந்தா எழுந்திருக்கணுமே." குழாயடியில் நான் சொன்னதுதான் இன்னும் குத்துகிறது என்று நினைத்தேன்.

அவள் அம்மா பெர்லா நேர்மாறு. கல்லாப் பெட்டிக்குப் பின்னால் உட்கார்ந்தால் உட்கார்ந்ததுதான். மழைக்கு முந்திய அக்டோபர் வெயிலிலும் முழுக்கைச் சட்டை. கையில் முகாமில் பச்சை குத்திய எண் இருக்கிறது என்று எங்களுக்குத் தெரியும், அதனால் யாரும் கேட்பதில்லை. ஹைமும் பெர்லாவும் அந்த நரகத்தில் தனித்தனியாகக் கிடந்து, போர் முடிந்து இத்தாலியில் ஒருவரை ஒருவர் கண்டுபிடித்து, ஹைமை நேரில் பார்த்தே அறியாத ஒன்றுவிட்ட அண்ணன் ஒருவர் அனுப்பிய காகிதத்தை வைத்துக்கொண்டு இங்கே வந்து சேர்ந்தவர்கள். நாங்கள் எல்லோரும் ரோட்ஸ்காரர்கள். அவர்கள் கோஸ். பக்கத்துத் தீவுதான், ஆனால் சின்ன ஊர். அங்கிருந்து உயிரோடு திரும்பியவர்கள் ஒரு டஜன் பேர் இருந்தால் அதிகம். எங்கள் ஊருக்கு வந்தது இந்த இரண்டு பேர் மட்டும். அவர்களுடைய பழைய கதை தெரிந்த ஒரு ஆத்மா இங்கே கிடையாது.

பெர்லாவிடம் இரண்டு பழக்கங்கள் உண்டு. இரண்டையும் ஊர் திமிர் என்றே எழுதி வைத்திருந்தது. எங்களில் தலைச்சன் பெண்ணைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதே அபூர்வம். பொஹோரா என்போம். கிழவியானாலும் அவள் பொஹோராதான். ஆனால் யாராவது லூனாவை அப்படிக் கூப்பிட்டால் பெர்லா எழுந்து அடுத்த அறைக்குப் போய்விடுவாள். இன்னொன்று, அவள் ஒரு குழந்தையைக் கையிலிருந்து கைக்குத் தரமாட்டாள். கட்டிலிலோ மேஜையிலோ கிடத்துவாள். வேண்டுமானால் அங்கிருந்து எடுத்துக்கொள்ள வேண்டும். லூனாவின் மகன் ஆல்பர்ட் பிறந்தபோது என் அம்மா இரண்டு கையையும் நீட்டிக்கொண்டு நின்றாள். பெர்லா அவளைத் தாண்டிப் போய்க் குழந்தையைச் சோபாவில் கிடத்தினாள். அதற்குப் பிறகு கல்யாணங்களுக்குப் பாதாம் மாவுப் பண்டம் பிடிக்கும் பெண்கள் கூட்டத்துக்கு என் அம்மா பெர்லாவைக் கூப்பிடவே இல்லை. பெர்லாவும் ஏன் என்று கேட்கவில்லை. இருபது வருஷத்துக்கு மேல் இது நடந்தது. நானும் அந்தக் கூட்டத்தில் உட்கார்ந்து பாதாம் தோல் உரித்தேன்.

1990இல் ஆல்பர்ட் புலவாயோவிலிருந்து லோரெய்ன் என்ற பெண்ணைக் கட்டிக்கொண்டு வந்தான். நல்ல பெண். ஆனால் லித்துவேனியா வம்சம். அவர்களும் யூதர்கள்தான், மறுக்கவில்லை. மீனில் சர்க்கரை போடுகிறவர்களை எப்படிச் சொந்தமென்று சொல்வது என்று என் அம்மா கேட்டாள். அவர்கள் எங்களை அரைத் துருக்கியர் என்று சொல்வார்கள். சரிக்குச் சரி.

லோரெய்னுக்கு ஐந்தாம் மாதம். வெள்ளிக்கிழமை இரவுச் சாப்பாடு லூனா வீட்டில், நானும் இருந்தேன். பெண்ணாகப் பிறந்தால் என்ன பெயர் என்ற கேள்வியே எங்கள் பக்கம் எழாது. மகனுடைய முதல் பெண், ஆகவே லூனா. பொரெக்காப் பலகாரத் தட்டை நீட்டிக்கொண்டே லூனா, "சின்ன லூனாவுக்கும் சேத்துச் சாப்பிடு" என்றாள். லோரெய்ன் முள்கரண்டியைக் கீழே வைத்தாள்.

"அத்தை, தப்பா எடுத்துக்காதீங்க. நீங்க நூறு வருஷம் இருக்கணும். எங்க பக்கத்துல உயிரோட இருக்கறவங்க பேரை வைக்கவே மாட்டோம். வெச்சா அவங்க சாவை வேண்டிக்கிட்ட மாதிரி."

ஆல்பர்ட் தட்டைப் பார்த்தான். நிசிம் இருமினான். நான் வாயைத் திறக்கவில்லை, அது பெரிய சாதனை. லோரெய்னே சமாளித்தாள். உங்கள் பக்கத்தில் செத்துப்போன பெண்களில் யாருடைய பெயராவது இன்னும் யாருக்கும் வைக்காமல் இருக்கிறதா, இருந்தால் சந்தோஷமாக வைக்கிறேன் என்றாள்.

லூனாவின் முகம் மலர்ந்ததை நான் இன்றைக்கும் மறக்கவில்லை. நாற்பத்து மூன்று வருஷப் பழியை ஒரு நொடியில் கழுவிவிட வழி கிடைத்துவிட்டதே. "ரெபேக்கா" என்றாள். "எங்க அப்பாவப் பெத்தவங்க. அவங்க பேரு அப்படியே கெடக்கு. யாருக்கும் வைக்கல."

மேஜைக்கு அந்தக் கோடியில் பெர்லா வெந்த முட்டையின் ஓட்டை உரித்துக்கொண்டிருந்தாள். தலையைத் தூக்கவில்லை.

"அந்தப் பேரு காலியா இல்ல" என்றாள்.

ஓட்டுத் துண்டுகளைத் தட்டின் ஓரத்தில் ஒதுக்கி வைத்துவிட்டுக் கைகழுவ எழுந்து போனாள். திரும்பி வரவில்லை.

லூனாவுக்கு அன்று ராத்திரியே இருப்புக் கொள்ளவில்லை. காலியாக இல்லையென்றால் யாரிடம் இருக்கிறது? அப்பாவுக்கு அண்ணன் தம்பி, அக்காள் தங்கை கிடையாது, ஒற்றைப் பிள்ளை. வேறு எந்தப் பேத்திக்கு அந்தப் பெயர் போயிருக்க முடியும்? அப்பா போய்ப் பல வருஷம், அம்மாவிடம்தான் கேட்டாள். சுவரிடம் கேட்டிருந்தால் எதிரொலியாவது கிடைத்திருக்கும்.

மறுவாரம் கடையில் பதில் கிடைத்தது. சொன்னவள் எங்கள் ஆள் இல்லை. இருபது வருஷமாக அங்கே துணி அளந்து கிழிக்கும் மாயி ரூடோ. ஷோனா ஜனங்களிடம் ஒரு பெண் பிள்ளை பெற்றுவிட்டால் அவளைப் பிறகு சொந்தப் பெயரால் யாரும் கூப்பிடமாட்டார்கள். தலைச்சன் பிள்ளையின் பெயரைச் சொல்லி, இன்னாரின் அம்மா என்பார்கள். மாயி ரூடோ என்றால் ரூடோவின் அம்மா. அலமாரியை இடம் மாற்றிக்கொண்டே லூனா தன்னோடு தானே புலம்பியதைக் கேட்டுவிட்டு, அவள் அளவுகோலைக் கீழே வைத்தாளாம்.

"நான் வேலைக்குச் சேந்த அன்னிக்கு உங்கம்மாவ மாயி லூனான்னு கூப்பிட்டேன். திரும்பிப் பாக்கல. காது கேக்கலையோன்னு மூணு வாட்டி கூப்பிட்டேன். அப்புறம் விட்டுட்டேன்."

"ஏன் என்கிட்ட சொல்லல?"

"என்னத்தச் சொல்றது? எம் பிள்ளைங்க ஆறு பேரையும் உங்களுக்குத் தெரியும். அதுல ரூடோ யாரு?"

லூனா யோசித்துப் பார்த்தாள். ஆறு பேருக்கும் சீருடை தைக்கத் துணி கொடுத்தவள் அவள். ரூடோ என்று ஒருவரும் இல்லை.

"அம்மை போட்டு ஒன்றரை வயசுல போயிட்டா. அதுக்கப்புறம் ஆறு பெத்தேன். ஆனா நான் மாயி ரூடோதான்."

காலை பதினோரு மணிக்குக் கடையைப் பூட்டிக்கொண்டு லூனா நான் வேலை பார்த்த வக்கீல் அலுவலகத்துக்கு ஓடி வந்தாள். மூச்சு வாங்கியது. "எனக்கு முன்னால ஒருத்தி இருந்திருக்காடீ" என்றாள்.

எனக்கு முதலில் வந்தது வெட்கம். தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் பெயர் வரிசையைச் சரியாகச் சொல்லக்கூடிய ஜனம் நாங்கள். இரண்டாவது பெண்ணின் பெயரோடு ஒருத்தி எங்கள் நடுவில் நடமாடினாள். எங்கள் வழக்கம் இன்னதென்று ஒரு வெளியாளுக்குச் சொல்லியிருந்தால், அப்படியானால் இவள் இரண்டாவது பெண்ணோ என்று அவன் கேட்டிருப்பான். அந்த வழக்கத்திலேயே ஊறிய எங்களுக்கு அது தோன்றவில்லை. குற்றம்தான் தோன்றியது. நாற்பத்து மூன்று வருஷம்!

கடிதங்களைத் தட்டச்சு செய்தது நான். எனக்கு இத்தாலிய மொழி அரைகுறை, பிரெஞ்சு பரவாயில்லை. முதல் கடிதம் கோஸ் நகராட்சிக்கு. ஏழு வாரம் கழித்து ஒரு புண்ணியவான் பழைய பதிவேட்டிலிருந்து ஒரு பக்கத்தை நகலெடுத்து அனுப்பினான். அந்தத் தீவு இத்தாலியர் கையில் இருந்த காலத்து எழுத்து, சுழித்துச் சுழித்து. ரெபேக்கா சொரியானோ, 1941 மார்ச் இரண்டாம் தேதி பிறந்தவள். தகப்பன் ஹைம், தாய் பெர்லா.

லூனா அதை நின்றபடி நாலு தடவை படித்தாள். பிறகு கணக்குப் போட்டாள். பிடித்துக்கொண்டு போன அன்று மூன்று வயது. இப்போது இருந்தால் நாற்பத்து ஒன்பது.

இருந்தால். அந்த ஒரு சொல் அவளை அடியோடு ஆட்டிவைத்தது. துருக்கிக் கடவுச்சீட்டு வைத்திருந்த சில குடும்பங்களைக் கடைசி நேரத்தில் விட்டுவிட்டார்கள் என்பது எங்கள் எல்லோருக்கும் தெரிந்த சங்கதி. அவர்களில் ஒருத்தி ஒரு குழந்தையைத் தன் பாவாடைக்குப் பின்னால் மறைத்திருக்கமாட்டாளா? பக்கத்து வீட்டுக் கிரேக்கக்காரி வாங்கி வைத்துக்கொண்டிருக்கமாட்டாளா? இஸ்மீருக்கு எழுதினோம். ஏதென்ஸ், பிரஸ்ஸல்ஸ், பியூனஸ் ஐரிஸ் என்று எங்கள் ஆட்கள் சிதறிக் கிடந்த ஊருக்கெல்லாம் எழுதினோம். காலை எட்டு மணிக்குத் தபால் பெட்டியைத் திறந்து பார்ப்பாள். தபால் பிரித்து முடிக்கவில்லை என்று தெரிந்தே பத்து மணிக்கும் போவாள். பதில் வந்ததெல்லாம் ஒரே மாதிரி. வருந்துகிறோம், தகவல் இல்லை. தகவல் இல்லை என்றால் செத்தாள் என்றும் இல்லையே என்று அவள் என்னோடு சண்டை பிடித்தாள்.

பின்கட்டு அறையைக் காலி செய்து வெள்ளையடித்தாள். கட்டிலை ஜன்னல் பக்கம் போட்டாள், மறுநாள் சுவர்ப் பக்கம் தள்ளினாள். "ஐம்பது வயசுக்காரி முடிக்குச் சாயம் போடுவாளாடீ? அவளுக்கு நம்ம பாஷை தெரியுமா?" என்று என்னைக் கேட்டாள். எனக்குக் கோபமும் அழுகையும் சேர்ந்து வந்தது. உன் வீட்டு அடுத்த அறையிலேயே பதில் உட்கார்ந்திருக்கிறது, உலகத்துக்கெல்லாம் தபால்தலை ஒட்டுகிறாயே என்று திட்டினேன்.

கேட்காமல் இல்லை. ஒரு சாயங்காலம் நான் இருக்கும்போதே அம்மாவின் முன்னால் போய் நின்று அந்த நகலை மடியில் போட்டாள். "நீ ஒண்ணும் கதை சொல்ல வேணாம். அவ இருக்காளா, இல்லையா? அத மட்டும் சொல்லு."

பெர்லா அந்தக் காகிதத்தைத் தொடாமல் பார்த்துக்கொண்டிருந்தாள். "எனக்குத் தெரியாது" என்றாள்.

கல்லுளிமங்கன்கூட இதைவிட நல்ல பதில் சொல்லியிருப்பான் என்று நான் மனசுக்குள் கடுகடுத்தேன். ஆனால் லூனாவுக்கு அதுவே போதுமாக இருந்தது. தெரியாது என்றாளே தவிர, இல்லை என்று சொல்லவில்லையே. அந்த வாரம் பின்கட்டு அறைக்குப் புதுத் திரைச்சீலை வந்தது.

நவம்பரில், முதல் மழையோடு, லோரெய்னுக்குப் பெண் குழந்தை பிறந்தது. பெயர் இல்லை. லூனா என்று வைக்கத் தாய்க்குப் பயம், ரெபேக்கா என்று வைக்கக் கொள்ளுப்பாட்டி வழிவிடவில்லை, வேறு பெயர் வைக்க லூனாவுக்கு மனசில்லை. மூன்று வாரம் அது வெறும் பாப்பாவாகக் கிடந்தது. புலவாயோவிலிருந்து லோரெய்னின் அம்மா தினமும் தொலைபேசியில் அழுதாள். கடைசியில் டிசம்பரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை விழா என்று நாள் குறித்தார்கள். அன்றைக்குள் ஒரு பெயர் வேண்டும், அது என்ன பெயர் என்று அன்று காலைவரை ஒருவருக்கும் தெரியாது.

எங்கள் பக்கத்தில் பெண் குழந்தைக்குப் பெயர் வைக்கும் விழா பெண்கள் ராஜ்ஜியம். வெள்ளைச் சட்டை போட்டுக் குழந்தையை மடியிலிருந்து மடிக்குக் கைமாற்றுவோம். வாங்குகிறவள் ஒரு வாழ்த்துச் சொல்லி, அடுத்தவளுக்குத் தருவாள். வட்டம் முடிந்ததும் பெயர். லூனா வீட்டு வராந்தாவில் இருபது நாற்காலி. குடும்பத்தில் மூத்தவள் என்று பெர்லாவை முதல் நாற்காலியில் உட்கார வைத்திருந்தார்கள். வழக்கம்போல் அவளைத் தாண்டித்தான் வட்டம் தொடங்கும் என்று எல்லோரும் நினைத்தோம். அவளுக்கு அடுத்த நாற்காலியில் யார் என்றால் என் அம்மா, எழுபத்தெட்டு வயது, நாக்குக்கு மட்டும் வயசாகவில்லை.

லோரெய்னுக்குப் பெர்லாவின் பழக்கத்தை யாரும் சொல்லி வைக்கவில்லை. அவள் உள்ளேயிருந்து வந்தாள், நேராகப் போய்க் குழந்தையைப் பெர்லாவின் கையில் வைத்துவிட்டாள்.

பெர்லா வாங்கிக்கொண்டாள். வாழ்த்துச் சொல்லவில்லை. அடுத்தவளுக்குத் தரவும் இல்லை. என் அம்மா இரண்டு கையையும் நீட்டினாள். ஒரு நிமிஷம் ஆயிற்று, இரண்டு நிமிஷம் ஆயிற்று. நீட்டிய கை நீட்டியபடி இருந்தது.

"குடு பெர்லா. நான் என்ன, கடிச்சா தின்னுடுவேன்?" என்றாள் என் அம்மா. நாலைந்து பேர் சிரித்தார்கள்.

"நான் ஒரு வாட்டி குடுத்தேன்" என்றாள் பெர்லா.

சத்தம் போட்டுச் சொல்லவில்லை. கடையில் துணி விலை சொல்லும் அதே குரல். ஆனால் கடைசி நாற்காலிவரை சிரிப்பு அடங்கிவிட்டது. படகில் எத்தனை நாள், ரயில் பெட்டியில் எத்தனை நாள் என்றெல்லாம் அவள் சொல்லவில்லை. இறக்கிவிட்ட இடத்திலிருந்து தொடங்கினாள். இடுப்பில் மூன்று வயது ரெபேக்கா, பக்கத்தில் மாமியார் ரெபேக்கா. கோடு போட்ட கைதி உடுப்பில் ஒருவன் மூட்டைகளைப் பொறுக்கிக்கொண்டே வந்தான். அவர்களைக் கடக்கும்போது தலையைத் தூக்காமல், உதட்டை அசைக்காமல், குழந்தையைக் கிழவியிடம் கொடுத்துவிடு என்றான். சலோனிக்காப் பக்கத்து யூதன், நம் வீட்டுப் பழைய ஸ்பானியப் பாஷையில் சொன்னான்.

"ஜெர்மன்ல சொல்லியிருந்தா குடுத்திருக்க மாட்டேன். நம்ம பாஷைல சொன்னான். நம்ம பாஷைல சொல்றவன் நல்லதுக்குத்தான சொல்லுவான்னு குடுத்தேன். அவ போக மாட்டேன்னா. கழுத்துப் பட்டியப் புடிச்சுக்கிட்டா. விரல ஒண்ணொண்ணாப் பிரிச்சேன். சாயங்காலம் வந்து வாங்கிக்கறேன்னு சொன்னேன்."

அந்த ஆள் சொன்னதன் அர்த்தம் எங்களில் பெரியவர்களுக்கெல்லாம் தெரியும். கையில் குழந்தை இருந்த இளம் தாய்மாரைக் குழந்தையோடு சேர்த்தே சாகிற பக்கம் அனுப்பினார்கள். குழந்தை இல்லாதவளுக்கு வேலை என்ற பெயரில் உயிர் கிடைத்தது. அவன் பெர்லாவைக் காப்பாற்றினான். அவள் குழந்தையைக் கொடுத்ததால்தான் பிழைத்தாள், பிழைத்ததால்தான் லூனா பிறந்தாள். இதை நான் புரிந்துகொண்ட அதே நிமிஷத்தில் லூனாவும் புரிந்துகொண்டாள். பாதாம் தட்டோடு வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

இத்தாலியில் ஹைமைக் கண்டுபிடித்தபோது, குழந்தை எங்கே என்று அவர் ஒரே ஒரு தரம் கேட்டாராம். "உங்கம்மாகிட்ட குடுத்தேன்னு சொன்னேன். நல்லதுன்னார். சாகற வரைக்கும் அப்புறம் அவரு கேக்கல. நானும் சொல்லல." பிறகு நிமிர்ந்து, தட்டோடு நின்ற மகளைப் பார்த்தாள். "நீ கேட்டியே, இருக்காளா இல்லையான்னு. நான் பாக்கல. கிழவி கையப் புடிச்சுக்கிட்டு நடந்து போனதுதான் நான் பாத்தது. பாக்காதத எப்படிச் சொல்லுவேன்?"

"என் பேரு..." என்று மட்டும் தொடங்கினாள் லூனா.

"அவ பேரு அவகிட்ட இருக்கு. அதப் புடுங்கி உனக்கு வைக்கச் சொல்றியா? நீ ரெண்டாவது. ரெண்டாவது பொண்ணுக்கு உள்ள பேரு. முறைப்படிதான் வெச்சேன்."

என் அம்மா நீட்டிய கைகளை எப்போது மடியில் போட்டாள் என்று நான் கவனிக்கவில்லை. வாழ்க்கையில் யாரிடமும் மன்னிப்புக் கேட்டறியாதவள். அன்றும் கேட்கவில்லை. நாற்காலியை விட்டு எழுந்து பெர்லாவின் எதிரில் நின்றாள். மூட்டுவலிக்காரி, யாராவது உட்காரச் சொல்வார்கள் என்று எதிர்பார்த்திருப்பாள். ஒருவரும் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை.

பெர்லா குழந்தையின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு லோரெய்னைக் கூப்பிட்டாள்.

"உங்க பக்கத்துல செத்தவங்க பேரத்தான வைப்பீங்க?"

லோரெய்ன் தலையாட்டினாள். அவள் கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டிக்கொண்டிருந்தது.

"அப்ப வை" என்றாள் பெர்லா. "ரெபேக்கான்னு வை."

நாற்பத்தாறு வருஷத்தில் அன்றுதான் அவள் தன் தலைச்சன் பெண் செத்துவிட்டாள் என்று வாயால் ஒப்புக்கொண்டாள். லூனா தட்டைத் தரையில் வைத்தாள். பின்கட்டு அறை, திரைச்சீலை, நாளைக் காலை எட்டு மணித் தபால் எல்லாம் அந்த ஒரு சொல்லில் முடிந்துபோயின. எனக்கு அவள் முகத்தைப் பார்க்கப் பயமாக இருந்தது.

"லூனா, வா. உக்காரு" என்றாள் பெர்லா.

என் அம்மா விட்டு எழுந்த நாற்காலியில் லூனா உட்கார்ந்தாள். பெர்லா குழந்தையோடு அவள் பக்கம் திரும்பினாள். கை நீண்டது, பிறகு நின்றது. அவள் விரல்கள் வெள்ளைச் சட்டையை விடவில்லை. அவற்றை அவளே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒன்றொன்றாக அவை பிரிந்தன. குழந்தை லூனாவின் கைக்கு வந்தது.

"சாயங்காலத்துக்குள்ள திருப்பிக் குடுத்துடு" என்றாள்.

அதற்குப் பிறகு வட்டம் நகரவில்லை. யாரும் கை நீட்டவில்லை. வந்தவர்கள் பண்டத்தைக் கைக்குட்டையில் முடிந்துகொண்டு ஒவ்வொருவராகக் கிளம்பினார்கள். என் அம்மாவை நான் காரில் ஏற்றி அனுப்பினேன். லோரெய்ன் பால் கொடுத்துவிட்டுக் குழந்தையை மறுபடி லூனாவின் மடியிலேயே வைத்தாள். மத்தியானம் மழை பெய்து ஓய்ந்தது. நிசிம் வந்து, தன் பெண்டாட்டி உட்கார்ந்திருக்கும் அதிசயத்தைப் பார்த்தான். கேலி நாக்கு நுனிவரை வந்திருக்கும், விழுங்கிக்கொண்டான். கால் மரத்துப்போயிருக்கும், கொஞ்சம் எழுந்து நட என்று நான் சொன்னேன். அவள் அசையவில்லை. பக்கத்து நாற்காலியில் பெர்லா மடியில் வெறும் கைகளோடு, வராந்தாப் படியில் வெயில் இறங்குவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஐந்தரை மணிக்குக் கடைசிப் படியில் கொஞ்சம் வெளிச்சம் பாக்கி இருந்தது. லூனா எழுந்து போய்க் குழந்தையை அம்மாவின் முன்னால் நீட்டினாள்.

பெர்லா இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டு அதன் முகத்தைப் பார்த்தாள்.

"வந்துட்டியா, பொஹோரா" என்றாள்.